பிஎஸ் விஆர்2 வாங்கியாச்சு, முதல் இரண்டு கேம் எது?

டிசம்பர் பள்ளி விடுமுறை நெருங்கினாலே இந்தக் கேள்வி வந்துவிடும். "பிஎஸ்5 ஏற்கெனவே வீட்டில் இருக்கிறது. ஹெட்செட்டும் வாங்கியாச்சு. இப்போது கையில் இரண்டு கேமுக்குத்தான் பணம் இருக்கிறது, எதை வாங்கட்டும்?" டர்பனின் ஃபீனிக்ஸ், சாட்ஸ்வர்த், ஜோகன்னஸ்பர்க் பக்கத்து லெனேஷியா என்று எங்கிருந்து கேட்டாலும் சாரம் ஒன்றுதான். பிஎஸ்5 கன்சோலோடு இணைத்து, கண்ணை மூடித் தலையில் மாட்டி ஆடும் மெய்நிகர் (விஆர்) ஹெட்செட்தான் பிளேஸ்டேஷன் விஆர்2. 2023 பிப்ரவரியில் 549.99 டாலருக்கு வந்த அது, 2025 மார்ச்சில் 399.99 டாலருக்கு இறங்கியது. இங்கே தென்னாப்பிரிக்காவில் ரேண்டின் ஏற்ற இறக்கமும் 15 சதவீத வாட் வரியும் சேர்ந்து அது இன்னும் பெரிய செலவாகவே இருக்கிறது. அதனால்தான் ஹெட்செட் வாங்கியவரிடம் கேமுக்கென்று அதிகம் மிஞ்சுவதில்லை.

விமர்சகர்கள் போடும் மதிப்பெண் பட்டியல் இதற்கு உதவாது. அந்த விமர்சகர் தனியாக ஓர் அறையில் உட்கார்ந்து, ஏற்கெனவே பழகிய வயிற்றோடு ஆடுகிறார். நம் வீட்டில் ஒரு கன்சோல், ஒரு ஹெட்செட், ஐந்து பேர். ஞாயிற்றுக்கிழமை பிராய் (தீயில் இறைச்சி சுடும் விருந்து) என்றால் பன்னிரண்டு பேர். அதனால் நான் வேறு அளவுகோல்களை வைத்துத்தான் சொல்வேன்.

## எதை வைத்து எடை போடுவது

முதலில் வயிறு. இதைப் பின்னால் பார்த்துக்கொள்ளலாம் என்று விடுபவர்களின் ஹெட்செட்தான் அலமாரிக்குப் போகிறது. நாம் ஓடிக்கொண்டிருக்கிறோம் என்று கண் சொல்லும். நீ அசையவே இல்லையே என்று காதுக்குள் இருக்கும் சமநிலை உறுப்பு சொல்லும். இரண்டும் ஒத்துப்போகாதபோது தலைசுற்றல், குமட்டல், நெற்றியில் குளிர்ந்த வியர்வை. ஆகவே ஒரு கேமைப் பற்றிக் கேட்க வேண்டிய முதல் கேள்வி, அது நம்மை எப்படி நகர்த்துகிறது என்பதுதான். நின்ற இடத்திலேயே நின்று ஆடுவதா? ஓர் இடத்திலிருந்து இன்னோர் இடத்துக்குத் தாவுவதா? கன்ட்ரோலரில் இருக்கும் குச்சியைத் தள்ளினால் உலகமே வழுக்கிக்கொண்டு வருவதா? மூன்றாவது வகைதான் புதியவர்களைப் படுக்க வைக்கும். "பழகிவிடும்" என்று பல்லைக் கடித்துக்கொண்டு ஆடுவது உதவாது. லேசாக ஒரு மாதிரி இருக்கும்போதே கழற்றிவிட்டு, மறுநாள் மறுபடி போட்டால்தான் உடம்பு பழகும். எதிரே ஒரு மின்விசிறியை ஓடவிடுங்கள். காற்று முகத்தில் படும்போது எந்தப் பக்கம் திரும்பியிருக்கிறோம் என்று உடம்புக்குத் தெரியும், குமட்டலும் குறையும்.

இரண்டாவது இடம். நடந்து ஆடும் முறைக்குக் குறைந்தது 2 மீட்டருக்கு 2 மீட்டர் காலி இடம் வேண்டும் என்கிறது சோனி. நம் லவுஞ்சில் சோஃபா, காபி மேசை, குத்துவிளக்கு வைத்த கண்ணாடி அலமாரி எல்லாம் போக எவ்வளவு மிஞ்சுகிறது என்று அளந்து பாருங்கள். போதாது என்றால் கவலையில்லை. நின்றோ உட்கார்ந்தோ ஆடும் கேம்கள் நிறைய இருக்கின்றன, தேர்வுதான் மாறும். கன்சோலின் முன்பக்க யுஎஸ்பி-சி துளையிலிருந்து வரும் கேபிள் 4.5 மீட்டர் நீளம். சுற்றிச் சுற்றித் திரும்பும் கேம் என்றால் அது காலில் மாட்டும்.

மூன்றாவது, ஒரு ஆட்டம் எத்தனை நிமிடம். பலர் பகிர்ந்துகொள்ளும் ஹெட்செட்டில் நாற்பது நிமிட ஆட்டம் என்றால் மற்றவர்கள் டிவியையே பார்த்துக்கொண்டிருக்க வேண்டியதுதான். ஆடுபவர் பார்ப்பது டிவியிலும் தெரியும் என்பது பெரிய ஆறுதல், ஆனால் அந்த ஆறுதலுக்கும் ஓர் அளவு உண்டு.

நான்காவதை யாரும் கேட்பதில்லை, ஆனால் எனக்கு இதுதான் முக்கியம். ஹெட்செட்டைக் கழற்றி வைத்த பிறகும் அந்த கேமை டிவியில் ஆட முடியுமா? முடியும் என்றால் ஒரு விலையில் இரண்டு கேம். ஹெட்செட் யாருக்கும் ஒத்துவராமல் போனாலும் போட்ட பணம் வீணாகாது.

கடைசியாக வயது. 12 வயதுக்குக் கீழே உள்ள பிள்ளைகள் பிஎஸ் விஆர்2 போடக்கூடாது என்பது சோனியின் சொந்த அறிவுரை. "ஏழு வயதுப் பையனுக்கு எது நல்லது?" என்று கேட்பவர்களுக்கு என் பதில்: எதுவும் இல்லை. பிஎஸ்5-இலேயே இலவசமாக வரும் ஆஸ்ட்ரோஸ் பிளேரூம் இருக்கிறது. அதை டிவியில் போட்டுக் கொடுங்கள், பையன் ஏமாறமாட்டான்.

| வகை | வயிற்றுக்கு | தேவையான இடம் | ஒரு ஆட்டம் | டிவியில் ஆடலாமா | மறைந்திருக்கும் செலவு |
|---|---|---|---|---|---|
| தாள கேம்கள் | தொந்தரவே இல்லை | நின்று கை வீச இடம் | 3 முதல் 5 நிமிடம் | முடியாது | கூடுதல் பாடல் தொகுப்புகள் |
| கிரான் டூரிஸ்மோ 7 | நடுத்தரம், சிலருக்குக் கடினம் | ஒரு நாற்காலி | 5 முதல் 30 நிமிடம் | முடியும் | ஸ்டீயரிங், இன்டர்நெட் |
| ஹொரைசன் | நடுத்தரம், உயரம் பயமென்றால் கடினம் | கை நீட்ட நல்ல இடம் | அரை மணிக்கு மேல் | முடியாது | ஒருமுறை முடித்தால் முடிந்தது |
| ரெசிடென்ட் ஈவில் | கடினம் | நின்றோ உட்கார்ந்தோ | அரை மணிக்கு மேல் | முடியும் | வீட்டில் ஒருவருக்கு மட்டும்தான் |
| அமைதியான கேம்கள் | பெரும்பாலும் எளிது | ஒரு நாற்காலி போதும் | இஷ்டம்போல் | சிலவற்றை முடியும் | மினி கோல்ஃபின் கூடுதல் மைதானங்கள், பிஎஸ் பிளஸ் சந்தா |

## தாள கேம்கள்: பீட் சேபர், சிந்த் ரைடர்ஸ், பிஸ்டல் விப்

விருந்தாளி வந்தால் முதலில் போட்டுக் காட்ட இவற்றை விட்டால் வேறில்லை. விளக்கம் தேவையில்லை. பீட் சேபரில் இரண்டு கையிலும் இரண்டு ஒளிவாள், எதிரே தாளத்துக்கு ஏற்பப் பறந்து வரும் கட்டைகள், அம்புக்குறி காட்டும் திசையில் வெட்ட வேண்டும். என் அத்தை சேலை முந்தானையை இடுப்பில் செருகிக்கொண்டு, "எங்கடா வெட்டணும்?" என்று கேட்டு முடிப்பதற்குள் பாதிப் பாட்டை வெட்டி முடித்திருந்தார். நாம் நின்ற இடத்திலேயே நிற்கிறோம், உலகம் நம்மை எங்கும் இழுத்துக்கொண்டு போவதில்லை. அதனால் குமட்டலும் இல்லை. ஒரு பாட்டு முடிந்ததும் அடுத்தவரிடம் ஹெட்செட் போகும். பன்னிரண்டு பேர் இருக்கும் வீட்டில் இந்த ஒரு குணம் போதும்.

ஆனால் பீட் சேபரைப் பற்றி ஒரு விஷயம் தெரிந்துகொண்டு வாங்குங்கள். பிஎஸ் விஆர்2-க்கு 2023 மே மாதம் வந்த இந்த கேமை உருவாக்கிய நிறுவனம், ஃபேஸ்புக்கின் தாய் நிறுவனமான மெட்டாவுக்குச் சொந்தம். 2025-இல் அவர்கள் பிளேஸ்டேஷன் பதிப்புக்குப் புதிய பாடல்களும் புதுப்பிப்புகளும் தருவதை நிறுத்திவிட்டார்கள். ஆன்லைனில் சேர்ந்து ஆடும் வசதிக்கும் 2026 ஜனவரி வரைதான் காலம் கொடுத்தார்கள். வாங்கிய கேம் ஓடும், இருக்கிற பாடல்கள் இருக்கும், ஆனால் இனி வளராது. கணினியில் ஆடுபவர்கள் தங்களுக்குப் பிடித்த பாட்டைத் தாங்களே சேர்த்துக்கொள்கிறார்களே, அதுவும் கன்சோலில் கிடையாது. நம் குத்துப் பாட்டுக்கு வாள் வீசலாம் என்று கனவு கண்டுகொண்டிருந்தால் இப்போதே கலைத்துவிடுங்கள்.

அப்புறம் சிந்த் ரைடர்ஸ். இதில் வெட்டுவதில்லை, பறந்து வரும் உருண்டைகளைக் கையால் தொட்டு, கோடுகளின் மேல் கையை ஓட்ட வேண்டும். ஆடி முடித்தால் நடனம் ஆடியதுபோல் இருக்கும். பிள்ளைகளின் சங்கீத வகுப்பு, நடன வகுப்பு என்று அலையும் வீடுகளில் இதுதான் அதிகம் பிடிக்கிறது என்பது என் கவனிப்பு. பிஸ்டல் விப் வேறு மாதிரி. பாட்டின் தாளத்துக்குச் சுட வேண்டும், எதிரிகள் சுடும்போது குனிந்து, சாய்ந்து தப்ப வேண்டும். மெதுவாக முன்னே நகர்த்திக்கொண்டே போகும், ஆனால் வயிறு தாங்கும். முழங்கால் தாங்குமா என்பதுதான் கேள்வி. நாற்பது வயதைத் தாண்டியவர்கள் மறுநாள் படி ஏறும்போது என்னை நினைத்துக்கொள்வீர்கள்.

என் தேர்வு: இனி வாங்குபவர்களுக்கு சிந்த் ரைடர்ஸ். பீட் சேபரை முன்பு பிஎஸ்4-இல் வாங்கி வைத்திருந்தால் புதிய பதிப்பு இலவசமாகவே கிடைக்கும், அவர்கள் இரண்டாவதாக ஒன்றுக்குச் செலவழிக்க வேண்டாம்.

## கிரான் டூரிஸ்மோ 7

2022-இல் வந்த கார்ப் பந்தய கேம். ஹெட்செட் வந்த அதே நாளில் இதற்கு விஆர் வசதியை இலவசமாகச் சேர்த்தார்கள். ஏற்கெனவே உங்களிடம் இந்த கேம் இருந்தால் ஒரு காசு செலவில்லாமல் உங்களிடம் மிகச் சிறந்த விஆர் கேம் ஒன்று இருக்கிறது. இதை அறியாமல் புதிதாக வேறு கேம் தேடுபவர்களை நான் அடிக்கடி பார்க்கிறேன்.

டிவியில் ஆடுவதற்கும் இதற்கும் என்ன வித்தியாசம் என்றால், கொண்டை ஊசி வளைவில் தெரியும். டிவியில் கார் திரும்பிய பிறகுதான் சாலை கண்ணில் படும். ஹெட்செட்டில் காரின் முகப்பு இன்னும் நேராக இருக்கும்போதே தலையைத் திருப்பி, பக்க ஜன்னல் வழியாக வளைவின் முடிவைப் பார்க்கலாம். கண் அங்கே போனதும் கை தானாகவே அங்கே போகிறது. பிரேக் எங்கே அழுத்துவது என்ற ஊகமும் தூரம் நிஜமாகத் தெரிவதால் சீராகிறது. ஓரிரண்டு வாரத்தில் நேரம் குறைவதைப் பார்க்கலாம்.

இனி குறைகள். ஹெட்செட்டோடு வரும், இரு கையிலும் பிடிக்கும் சென்ஸ் கன்ட்ரோலர்கள் இதற்கு வேலை செய்யாது, பிஎஸ்5-இன் வழக்கமான டூயல்சென்ஸ் கன்ட்ரோலர் அல்லது ஸ்டீயரிங் வேண்டும். டூயல்சென்ஸே போதும். ஆனால் ஹெட்செட்டில் ஸ்டீயரிங் சக்கரமும் டாஷ்போர்டும் கண்முன்னே தெரியும்போது கையில் ஒரு கன்ட்ரோலர் மட்டும் இருப்பது உறுத்த ஆரம்பிக்கும். அந்த உறுத்தல்தான் இந்த கேமின் உண்மையான விலை. ஸ்டீயரிங், பெடல், அதை மாட்ட ஒரு ஸ்டாண்ட் என்று போனால் ஹெட்செட் விலையைத் தாண்டிவிடும். ஆறு மாதம் கன்ட்ரோலரிலேயே ஆடுங்கள், அப்புறமும் ஆசை இருந்தால் பார்க்கலாம்.

வயிறு விஷயத்தில் இது இரு முகம் காட்டும். காருக்குள் உட்கார்ந்திருப்பதால் சுற்றிலும் அசையாத கூடு ஒன்று இருக்கிறது, அது உதவும். ஆனால் மேடு பள்ளமான தடங்களும், கட்டுப்பாடு இழந்து சுழல்வதும் புதியவர்களைப் புரட்டிவிடும். சமதளத் தடத்தில், மெதுவான காரில் தொடங்குங்கள். வேகமான காரைக் கண்டவுடன் ஏறும் மைத்துனர்களைத் தடுக்க முடியாது, பக்கத்தில் ஒரு வாளி வைத்துவிடுங்கள்.

இன்னொன்று: இந்த கேமின் பெரும்பகுதி இன்டர்நெட் இல்லாமல் ஓடாது. தனியாக ஆடும் பந்தயத்துக்கும் இணைப்பு வேண்டும். அதன் பாதிப்பு நம் நாட்டில் என்ன என்று கீழே சொல்கிறேன். கேமுக்குள் கார் வாங்கும் காசை நிஜப் பணம் கொடுத்தும் வாங்கலாம் என்பதால், பிள்ளைகள் கையில் இருக்கும் கணக்கில் கார்டு விவரத்தைச் சேமித்து வைக்காதீர்கள்.

## ஹொரைசன்: கால் ஆஃப் தி மவுண்டன்

ஹெட்செட் வெளியான அதே நாளில் வெளியான சோனியின் சொந்த கேம். பிஎஸ் விஆர்2-ஆல் என்னென்ன முடியும் என்று காட்டவே செய்தது போலிருக்கும். கையை நீட்டிப் பாறையைப் பிடித்து, மறு கையை மேலே போட்டு, இப்படியே மலை ஏறுகிறோம். தோளுக்குப் பின்னால் கையைக் கொண்டுபோய் வில்லை எடுத்து, நாணை இழுத்து விட வேண்டும். பார்க்க அவ்வளவு அழகு. என் மாமா வில்லை எடுக்கப் பின்னால் வீசிய கை கதவு நிலையில் இடித்து முட்டி சிவந்துவிட்டது, ஆனாலும் வில்லைக் கீழே வைக்காமல் எதிரே வந்த இயந்திர மிருகத்தை முடித்துவிட்டுத்தான் ஹெட்செட்டைக் கழற்றினார். பின்னாலும் இடம் வேண்டும் என்பதற்காக இதைச் சொல்கிறேன். அறையை அளப்பவர்கள் முன்பக்கத்தை மட்டும்தான் அளக்கிறார்கள்.

இதன் சிக்கல் இதன் அளவுதான். கதை சில மாலைகளில் முடிந்துவிடும், மறுபடி தொடங்க பெரிய காரணம் இல்லை. டிவியில் ஆட வழியில்லை. உயரம் என்றால் உள்ளங்கால் கூசுபவர்களுக்கு இது இன்பம் அல்ல, தண்டனை. முழு விலைக்கு இதை முதல் கேமாக வாங்குவதை நான் பரிந்துரைக்க மாட்டேன். பிளேஸ்டேஷன் ஸ்டோர் தள்ளுபடிக்கு வரும்போது வாங்கலாம்.

ஒரே ஒரு விஷயம் இதற்குச் சாதகம். மெஷின் சஃபாரி என்று ஒரு பகுதி இருக்கிறது. படகில் உட்கார்ந்து ஆற்றோடு போக, இரு கரையிலும் பிரம்மாண்டமான இயந்திர மிருகங்கள் வந்து போகும். எந்தப் பொத்தானையும் அழுத்தத் தேவையில்லை. தாத்தா பாட்டிக்கு விஆர் என்றால் என்ன என்று காட்ட இதைவிட நல்லது இல்லை. மூக்குக் கண்ணாடியோடே ஹெட்செட் போடலாம். லென்ஸ் பகுதியை முன்னே இழுத்துவிட்டுப் போட்டு, பிறகு மெதுவாகத் தள்ளிச் சரிசெய்யுங்கள். இல்லாவிட்டால் இரண்டு கண்ணாடியும் உரசிக் கீறல் விழும்.

## ரெசிடென்ட் ஈவில் வில்லேஜ், ரெசிடென்ட் ஈவில் 4

இவை இரண்டும் பெரியவர்களுக்கான திகில் கேம்கள், அதில் பேச்சே வேண்டாம். இரண்டிலும் விஆர் வசதி இலவசமாகக் கிடைக்கும். வில்லேஜுக்கு 2023 பிப்ரவரியிலும், 4-க்கு அதே ஆண்டு டிசம்பரிலும் வந்தது. டிஸ்க் பதிப்பும் உண்டு. டிஸ்க் டிரைவ் உள்ள பிஎஸ்5 வைத்திருப்பவர்கள் பழைய டிஸ்க் விற்கும் கடையில் பாதி விலைக்கு வாங்கி, விஆர் பகுதியை மட்டும் இலவசமாக இறக்கிக்கொள்ளலாம். ஆடி முடித்து விற்றுவிடவும் முடியும். பணத்துக்கு மதிப்பு என்று பார்த்தால் இந்தப் பட்டியலில் இதற்குத்தான் முதலிடம்.

துப்பாக்கியில் குண்டு தீர்ந்தால் பொத்தான் அழுத்தினால் போதாது. காலி மேகசினைக் கழற்றி, இடுப்பிலிருந்து புதியதை எடுத்துச் செருகி, மேலே இழுத்துவிட வேண்டும். எதிரே கோடாரியோடு ஒருவன் வந்துகொண்டிருக்கும்போது இதைச் செய்து பாருங்கள், கை நடுங்கும். 4-இல் சண்டை அதிகம், வில்லேஜில் பயம் அதிகம். வில்லேஜில் பொம்மைகள் நிறைந்த ஒரு வீடு வரும் பகுதியை ஹெட்செட்டில் முடிக்காமல் டிவிக்கு மாறியவர்கள் எனக்குத் தெரிந்து பலர்.

ஆனால் குச்சியால் நடக்கும் கேம் இது, ஆகவே வயிற்றுக்குக் கடினம். விஆர் பழகாதவர் இதை முதல் வாரமே தொடாதீர்கள். குடும்பத்தில் ஒருவர் மட்டும் ஆடுவார், மற்றவர்கள் எழுந்து போய்விடுவார்கள். புரட்டாசியில் கறி தொடாத வீட்டில், சுவரெல்லாம் ரத்தம் தெறிக்கும் கேமை நடு லவுஞ்சில் ஓட்டினால் அம்மா என்ன சொல்வார் என்பதையும் யோசித்துக்கொள்ளுங்கள். எங்கள் வீட்டில் அந்த மாதம் கார் பந்தயம்தான்.

## அமைதியான கேம்கள்

இவற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். மாஸ்: ஒரு குட்டிச் சுண்டெலியை வழிநடத்தும் கதை. நாம் உட்கார்ந்த இடத்திலிருந்து ஒரு பொம்மை உலகத்துக்குள் எட்டிப் பார்க்கிறோம், குமட்டல் வராது. இரண்டு பாகங்கள் உண்டு, முதல் பாகம் ஒரு வார இறுதியில் முடிந்துவிடும். டெட்ரிஸ் எஃபெக்ட்: எல்லோருக்கும் தெரிந்த டெட்ரிஸ், இசையும் ஒளியும் சுற்றிலும் சூழ. டிவியிலும் ஆடலாம். வேலை முடிந்து வந்து இருபது நிமிடம் யாரோடும் பேசாமல் இருக்க நினைப்பவர்களுக்கு. கயாக் விஆர்: அண்டார்டிகா, நார்வே, கோஸ்டாரிகா, ஆஸ்திரேலியா ஆகிய இடங்களில் துடுப்பு வலிக்கலாம். கடல் பத்து நிமிடத்தில் இருக்கும் டர்பனில் எதற்கு என்று கேட்பீர்கள். ஜனவரிப் புழுக்கத்தில் பனிப்பாறைக்கு நடுவே போய்ப் பாருங்கள், புரியும்.

கொஞ்சம் நின்று பேச வேண்டியது வாக்அபவுட் மினி கோல்ஃப் பற்றி. எட்டுப் பேர் வரை ஆன்லைனில் சேர்ந்து ஆடலாம். அதைவிட முக்கியம், மெட்டாவின் குவெஸ்ட் ஹெட்செட்டோ, விஆர் கணினியோ வைத்திருப்பவர்களும் அதே ஆட்டத்தில் சேரலாம். ஜோகன்னஸ்பர்க்கில் ஒரு அண்ணன், லண்டனில் ஒரு தங்கை என்று சிதறிக் கிடக்கும் குடும்பங்களுக்கு இது வாட்ஸ்ஆப் அழைப்பைவிட மேல். கையில் ஏதாவது செய்துகொண்டே பேசும்போதுதான் பேச்சு நீளும், பந்து குழியைத் தாண்டிப் போனதைக் கேலி செய்தபடியே ஊர்க்கதை எல்லாம் வந்துவிடும். கூடுதல் மைதானங்களுக்குத் தனி விலை, ஆனால் குழுவில் ஒருவர் வாங்கினால் மற்றவர்கள் அவரோடு சேர்ந்து ஆடலாம். முறை வைத்து வாங்கிக்கொள்ளுங்கள்.

## விலைச்சீட்டில் இல்லாதவை

முதலில் டேட்டா. கிரான் டூரிஸ்மோ 7 மட்டும் 100 ஜிபிக்கு மேல். வீட்டில் ஃபைபர் இருந்தால் ஓர் இரவு வேலை. மொபைல் டேட்டா பண்டலை நம்பியிருக்கும் வீடு என்றால் கேம் விலைக்கு நிகராக டேட்டாவுக்கும் போகும், அதன்பின் வரும் புதுப்பிப்புகள் வேறு. அத்தகைய வீடுகளுக்குத் தாள கேம்களும் அமைதியான கேம்களும்தான் பொருந்தும், அவை அளவில் மிகச் சிறியவை.

மின்சாரம். 2023-இல் லோட்ஷெடிங் (முறைவைத்துச் செய்யும் மின்வெட்டு) உச்சத்தில் இருந்தது, 2024 மார்ச் இறுதிக்குப் பிறகு பெரிதும் குறைந்துவிட்டது. ஆனால் கேபிள் திருட்டு, டிரான்ஸ்பார்மர் கோளாறு என்று திடீரென்று போவது நிற்கவில்லை. ஹெட்செட் போட்டிருக்கும்போது மின்சாரம் போனால் கண்முன்னே எல்லாம் கருப்பாகிவிடும், பயப்பட ஒன்றுமில்லை. ஆனால் கேம் சேமித்துக்கொண்டிருக்கும் நேரத்தில் போனால் அந்தக் கோப்பு கெட்டுப்போகலாம். இன்வெர்ட்டர் வைத்திருப்பவர்கள், பிஎஸ்5 ஆடும்போது ஏறக்குறைய 200 வாட் இழுக்கும், டிவி தனி என்று கணக்கு வைத்துக்கொள்ளுங்கள். ஃபைபர் பெட்டிக்கும் ஒரு சிறிய யுபிஎஸ் இல்லாவிட்டால், கன்சோல் ஓடினாலும் கிரான் டூரிஸ்மோ ஓடாது.

பிஎஸ் பிளஸ். விலை கொடுத்து வாங்கிய கேமாக இருந்தாலும், ஆன்லைனில் மற்றவர்களோடு ஆட பெரும்பாலும் இந்தச் சந்தா வேண்டும். இங்கே எசென்ஷியல், எக்ஸ்ட்ரா, டீலக்ஸ் என்று மூன்று படி. சேர்ந்து ஆடுவதற்கு எசென்ஷியல் போதும், கடைக்காரர் எதைச் சொன்னாலும்.

வியர்வை. டர்பன் கோடையில் தாள கேம் ஆடினால் ஹெட்செட்டின் உள்பக்கம் நனைந்துவிடும், லென்ஸில் ஆவி படியும். ஒருவர் கழற்றியதும் அடுத்தவருக்குக் கொடுக்கும் முன் உலர்ந்த மைக்ரோஃபைபர் துணியால் துடையுங்கள், எண்ணெய், திருநீறு, குங்குமம் இருந்தால் நெற்றியையும் துடைக்கச் சொல்லுங்கள். ஹெட்செட்டை வெயில் படும் ஜன்னலோரம் ஒருபோதும் வைக்காதீர்கள். லென்ஸ் பூதக்கண்ணாடி போல வெயிலைக் குவித்து உள்ளே இருக்கும் திரையைச் சுட்டுவிடும், அதைச் சரிசெய்ய வழியில்லை.

## அப்படியானால் யார் எதை வாங்குவது

ஆட்கள் நிறைய வந்துபோகும் வீடு, விஆர் எல்லோருக்கும் புதிது: சிந்த் ரைடர்ஸ் முதலில், கிரான் டூரிஸ்மோ 7 இரண்டாவது. ஒன்று வீட்டுக்கு, ஒன்று உங்களுக்கு. இரண்டாவதை டிவியிலும் ஆடலாம் என்பதால் ஹெட்செட் சலித்தாலும் நஷ்டமில்லை. என்னைக் கேட்பவர்களில் பாதிப் பேருக்கும் மேல் இந்தப் பதிலைத்தான் சொல்கிறேன்.

தனியாக ஓர் அறை எடுத்து ஆடும் இளைஞர், வயிறு கல்: பழைய டிஸ்க்கில் ரெசிடென்ட் ஈவில் 4, கூடவே பிஸ்டல் விப்.

பிள்ளைகள் வெளியூரில், வீட்டில் இருவர் மட்டும்: மினி கோல்ஃப், பிஎஸ் பிளஸ், டெட்ரிஸ் எஃபெக்ட். இதற்கு மேல் எதுவும் வேண்டாம்.

காரில் முன்சீட்டில் உட்கார்ந்தாலே தலைசுற்றுபவர்: மாஸ் ஒன்று மட்டும் வாங்குங்கள், ஒரு மாதம் பொறுத்து அடுத்ததைப் பாருங்கள். ஹொரைசனை நான் யாருக்கும் முதலில் சொல்வதில்லை, ஆனால் தள்ளுபடியில் பார்த்தால் மெஷின் சஃபாரிக்காகவே எடுத்து வைப்பேன்.

## பணம் கட்டும் முன்

ஸ்டோரில் கேமின் பக்கத்தில் "பிஎஸ் விஆர்2" என்று எழுதியிருக்கிறதா என்று பாருங்கள். 2016-இல் வந்த முதல் ஹெட்செட்டின் கேம்கள் இதில் ஓடாது. பழைய டிஸ்க் கடைகளில் ஆஸ்ட்ரோ பாட் ரெஸ்க்யூ மிஷன், ஃபார்பாயிண்ட், பிளட் அண்ட் ட்ரூத் எல்லாம் மலிவாகக் கிடக்கும், அவற்றை வாங்காதீர்கள். 2024-இல் வந்து எல்லோரும் புகழும் ஆஸ்ட்ரோ பாட் வேறு, அது நல்ல கேம்தான், ஆனால் விஆரே கிடையாது.

ஸ்டோரில் வாங்கிய கேமை 14 நாளுக்குள் திருப்பிக் கொடுக்கலாம், ஆனால் டவுன்லோட் தொடங்கியிருக்கக் கூடாது. வாங்கி, இறக்கி, போட்டுப் பார்த்து, குமட்டுகிறது என்று பணம் கேட்டால் கிடைக்காது. இதில் ஒரு பொறி இருக்கிறது: கன்சோலில் தானாக டவுன்லோட் ஆகும் வசதி ஆனில் இருந்தால், நீங்கள் அலுவலகத்தில் இருந்து போனில் வாங்கிய நொடியே வீட்டில் கேம் இறங்கத் தொடங்கிவிடும், திருப்பிக் கொடுக்கும் உரிமையும் அங்கேயே போய்விடும். செட்டிங்ஸில் போய் அதை அணைத்துவிட்டு, அதற்குப் பிறகு வாங்குங்கள்.